வைரஸ் எதிர்ப்பு எஞ்சின்களின் நூலகக் கோப்புகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நூலகக் கோப்பு என்பது என்ன? ஆன்டிவைரஸ் மென்பொருளில் அதற்கு என்ன வேலை?

பல நிரல்கள் பொதுவாக அழைத்துப் பயன்படுத்திக்கொள்ளும் செயற்கூறுகளைத் தொகுத்து வைத்திருக்கும் கோப்பையே நூலகக் கோப்பு அல்லது லைப்ரரி என்கிறோம். விண்டோஸில் இது டிஎல்எல் என்ற பின்னொட்டோடும், லினக்ஸில் எஸ்ஓ என்ற பின்னொட்டோடும், மேக் கணினியில் டைலிப் என்ற பின்னொட்டோடும் இருக்கும். தனியாக இதை இயக்க முடியாது. வேறொரு நிரல் நினைவகத்தில் ஏற்றி அழைத்தால்தான் இயங்கும்.

ஆன்டிவைரஸ் என்றதும் திரையின் மூலையில் தெரியும் சின்னமும் பச்சை நிறச் சாளரமும்தான் பலருக்கு நினைவுக்கு வரும். அவை வெறும் முகப்பு. ஒரு கோப்பைத் திறந்து, பிரித்து, ஒப்பிட்டு, இது தீநிரல் என்று முடிவெடுக்கும் வேலை முழுவதும் ஓரிரு நூலகக் கோப்புகளுக்குள் நடக்கிறது. மைக்ரோசாஃப்ட் டிஃபெண்டரில் அது எம்பிஎஞ்ஜின் என்ற டிஎல்எல். திறமூல மென்பொருளான கிளாம்ஏவியில் லிப்கிளாம்ஏவி என்ற நூலகம். முகப்பை மூடினாலும் எஞ்சின் பின்னணிச் சேவையில் தொடர்ந்து இயங்குவதற்கு இந்தப் பிரிவினையே காரணம்.

எஞ்சினும் சிக்னேச்சர் தரவுத்தளமும் ஒன்றுதானா?

இல்லை. எஞ்சின் என்பது நிரல். சிக்னேச்சர் என்பது ஒரு தீநிரலை அடையாளம் காட்டும் குறிப்பு; அத்தகைய குறிப்புகளைத் தொகுத்த சிக்னேச்சர் தரவுத்தளம் என்பது அந்த நிரல் படித்துக்கொள்ளும் தரவு. டிஃபெண்டரில் தரவு விடிஎம் என்ற பின்னொட்டுள்ள கோப்புகளில் இருக்கிறது. அடிப்படைத் தொகுப்பு ஒன்று, அதன்மேல் ஏறும் மாற்றத் தொகுப்பு ஒன்று என்று இரண்டிரண்டாக அவற்றைக் காணலாம். கிளாம்ஏவியில் மெயின், டெய்லி, பைட்கோடு என்று மூன்று தரவுக் கோப்புகள் உள்ளன. மெயின் அரிதாகவே மாறும். டெய்லி அன்றாடம் மாறும்.

கிளாம்ஏவியின் தரவுக் கோப்பு ஒன்றைத் திறந்து பார்த்தால் அமைப்பு எளிதில் விளங்கும். முதல் 512 பைட்டுகள் தலைப்புப் பகுதி. உருவான நேரம், பதிப்பு எண், அடங்கியுள்ள சிக்னேச்சர்களின் எண்ணிக்கை, தேவைப்படும் எஞ்சின் தகுதி நிலை, டிஜிட்டல் கையொப்பம் ஆகியவை அதில் முக்காற்புள்ளியால் பிரிக்கப்பட்ட ஒரே வரியாக இருக்கும். அதற்குப் பின் வருவது பல கோப்புகளை ஒன்றாகக் கட்டிய, சாதாரணமாகச் சுருக்கப்பட்ட தார் கோப்புதான். தலைப்பில் உள்ள தகுதி நிலை என்ற அந்தச் சிறிய எண்ணைப் பலரும் கவனிப்பதில்லை; அதைப் பற்றிக் கீழே விரிவாகச் சொல்கிறேன்.

ஒரு கோப்பை ஸ்கேன் செய்யும்போது நூலகத்துக்குள் உண்மையில் என்ன நடக்கிறது?

மின்னஞ்சலில் ஒரு ஜிப் இணைப்பு வந்திருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். அதற்குள் மேக்ரோ (ஆவணத்துக்குள் பதிந்த சிறு நிரல்) கொண்ட ஒரு வேர்ட் ஆவணம் இருக்கிறது.

எஞ்சின் கோப்பின் பெயரையோ பின்னொட்டையோ நம்புவதில்லை. முதல் சில பைட்டுகளைப் படிக்கிறது. ஜிப் கோப்பானால் அங்கே பி, கே என்ற இரு ஆங்கில எழுத்துகள் இருக்கும். ஜிப் வடிவத்தை உருவாக்கிய ஃபில் காட்ஸின் பெயரெழுத்துகள் அவை. விண்டோஸ் செயலியானால் எம், இசட் என்று தொடங்கும். வகை தெரிந்ததும் அதற்குரிய பிரிப்பான் அழைக்கப்படுகிறது. ஜிப்பைப் பிரித்தால் வேர்ட் ஆவணம் வெளிவருகிறது. அதன் முதல் பைட்டுகளைப் பார்த்தால் அங்கேயும் பி, கே. புதிய வேர்ட் ஆவணங்களும் உள்ளுக்குள் ஜிப் கோப்புகளே என்பதால் இரண்டாம் முறையாகப் பிரிக்க வேண்டியிருக்கிறது. உள்ளே எக்ஸ்எம்எல் கோப்புகளுக்கு நடுவே மேக்ரோக்களைத் தாங்கிய ஒரு பைனரி கோப்பு இருக்கும். அது ஓஎல்இ என்ற பழைய ஆவண வடிவத்தில் இருப்பதால் மூன்றாவதாக வேறொரு பிரிப்பான் தேவை. அதைப் பிரித்தாலும் மேக்ரோவின் மூலநிரல் அங்கே சுருக்கப்பட்ட நிலையில்தான் கிடக்கிறது. நான்காவதாக அதையும் விரித்த பிறகே, கணினியில் எதையோ பதிவிறக்கி இயக்கும் அந்த நான்கைந்து வரிகள் எஞ்சினின் கண்ணில் படுகின்றன.

ஒவ்வோர் அடுக்கிலும் கோப்பின் கைரேகை போன்ற ஹாஷ் மதிப்பு ஒப்பிடப்படுகிறது, பைட் வரிசைகள் தேடப்படுகின்றன, விதிகள் சரிபார்க்கப்படுகின்றன. செயலிக் கோப்பானால், யுபிஎக்ஸ் போன்ற சுருக்கிகளால் பொதியப்பட்டிருக்கிறதா என்று பார்த்து அவிழ்க்க முயல்வதும் உண்டு. சில எஞ்சின்கள் ஒரு படி மேலே சென்று, செயலியின் கட்டளைகளைத் தமக்குள்ளேயே உள்ள ஒரு போலிக் கணினியில் சிறிது நேரம் ஓட்டிப் பார்க்கின்றன. பொதிந்து வைத்த தீநிரல் அங்கே தானாகவே தன்னை அவிழ்த்துக்கொள்ளும்போது பிடிபடுகிறது.

ஆகவே, ஆன்டிவைரஸ் எஞ்சின் என்பது பட்டியலோடு ஒப்பிடும் கருவி என்ற பொதுவான எண்ணம் பாதிதான் சரி. அதன் நிரல் வரிகளில் பெரும்பகுதி ஒப்பிடுவதற்காக எழுதப்பட்டதன்று. நூற்றுக்கணக்கான கோப்பு வடிவங்களைப் பிரிப்பதற்காக எழுதப்பட்டது. பின்வரும் பல பதில்களும் இந்த ஓர் உண்மையிலிருந்தே பிறக்கின்றன.

லட்சக்கணக்கான சிக்னேச்சர்களை ஒவ்வொன்றாகத் தேடினால் நாள் முழுவதும் ஆகாதா?

ஒவ்வொன்றாகத் தேடுவதில்லை. ஆல்ஃபிரட் ஏகோவும் மார்கரெட் கோராசிக்கும் 1975ஆம் ஆண்டில் வெளியிட்ட ஒரு தேடல் முறை, எல்லாச் சொற்களையும் கிளைகள் பிரியும் ஒரே மரமாகக் கட்டிவைத்து, கோப்பை ஒரே முறை முதலிலிருந்து இறுதிவரை படிக்கும்போதே அத்தனையையும் சேர்த்துத் தேடிவிடுகிறது. லிப்கிளாம்ஏவி இதையும் போயர்-மூர் முறையின் விரிவாக்கம் ஒன்றையும் பயன்படுத்துகிறது. தேடல் வேகத்துக்குக் கொடுக்கும் விலை, அந்த மரத்தை நினைவகத்தில் முழுதாக வைத்திருக்க வேண்டும் என்பதே.

கிளாம்ஏவியின் பின்னணிச் சேவையான கிளாம்டி ஏன் ஒரு ஜிபிக்கு மேல் நினைவகத்தை எடுத்துக்கொள்கிறது? திடீரென்று நின்றுபோகிறதே?

மேலே சொன்ன மரம்தான் காரணம். அதற்கு மேலும் ஒன்று உண்டு. 2020இல் வந்த 0.103 பதிப்பிலிருந்து, புதிய தரவுத்தளம் வந்ததும் பழைய எஞ்சின் வேலையை நிறுத்தாமல் தொடர, அதன் பக்கத்திலேயே புதிய எஞ்சின் நினைவகத்தில் கட்டப்படுகிறது. அந்தச் சில நொடிகளில் தேவை ஏறத்தாழ இரு மடங்காகிறது.

நான் பராமரித்த ஒரு சிறிய அஞ்சல் சேவையகத்தில் இரண்டு ஜிபி நினைவகமே இருந்தது. நாள் முழுதும் ஒழுங்காக ஓடும். தரவுத்தளம் புதுப்பிக்கப்பட்ட சில நொடிகளில் கிளாம்டி சத்தமின்றி மறைந்துவிடும். கிளாம்டியின் பதிவேட்டில் பிழை என்று ஒரு வரிகூட இல்லை. ஏனெனில் நினைவகம் போதாமல் அதைக் கொன்றது இயங்குதளத்தின் மையப் பகுதியான கெர்னல், அந்தச் செய்தி கெர்னலின் பதிவேட்டில் இருந்தது. இரண்டு நாள் தவறான பதிவேட்டையே படித்துக்கொண்டிருந்தேன் என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். உள்ளமைவுக் கோப்பில் உடனிகழ் மறுஏற்றத்தை அணைத்துவைத்தால் இந்தச் சிக்கல் தீரும். அதற்கு ஈடாக, மறுஏற்றம் முடியும்வரை புதிய ஸ்கேன்கள் காத்திருக்கும்; அஞ்சல் சேவையகத்துக்கு அது பெரிய இழப்பன்று.

பிற மென்பொருள்கள் இந்த நூலகத்தை எப்படிப் பயன்படுத்துகின்றன?

லிப்கிளாம்ஏவியை நேரடியாக இணைத்துக்கொள்ளும் நிரல் ஐந்து படிகளைச் செய்கிறது. நூலகத்தைத் தொடங்குகிறது, வெற்று எஞ்சின் ஒன்றை உருவாக்குகிறது, தரவுத்தளத்தை அதில் ஏற்றுகிறது, தேடலுக்கு ஏற்றவாறு அதைத் தொகுக்கிறது, பிறகு கோப்புகளை ஒவ்வொன்றாகக் கொடுத்து விடை பெறுகிறது. நான்காம் படிவரை மெதுவாகவும் ஐந்தாம் படி விரைவாகவும் நடக்கும். கிளாம்ஸ்கேன் என்ற கட்டளை ஒவ்வொரு முறையும் முதல் படியிலிருந்தே தொடங்குவதால்தான் ஒரு சிறு கோப்புக்கும் பல நொடிகள் எடுத்துக்கொள்கிறது. கிளாம்டி முதல் நான்கு படிகளை ஒரே முறை முடித்துவிட்டு, நிரல்கள் தமக்குள் பேசிக்கொள்ளும் சாக்கெட் வழியாக வரும் கோப்புகளுக்காகக் காத்திருக்கிறது. வலைத்தளத்தில் பதிவேற்றப்படும் கோப்புகளைச் சோதிக்க விரும்புவோர் கிளாம்டியோடு பேசுவதே நல்லது. நூலகத்தைத் தம் நிரலுக்குள்ளேயே ஏற்றிக்கொண்டால், பிரிப்பான் ஒன்று தடுமாறி விழும்போது வலைச் சேவையும் சேர்ந்து விழும்.

விண்டோஸில் நிலைமை வேறு. 2015இல் விண்டோஸ் 10 உடன் வந்த ஆம்சி என்ற இடைமுகம், அதே பெயருள்ள டிஎல்எல்லாக, ஸ்கிரிப்டுகளை இயக்கும் பவர்ஷெல் போன்ற நிரல்களுக்குள் ஏற்றப்படுகிறது. ஒரு ஸ்கிரிப்ட் எத்தனை அடுக்கு மறைப்புகளோடு வந்தாலும், இயங்குவதற்குச் சற்று முன் அது தன் உண்மை வடிவத்துக்கு வந்தே ஆக வேண்டும். அந்த நொடியில் அதை வாங்கி, நிறுவப்பட்டுள்ள ஆன்டிவைரஸ் எதுவோ அதனிடம் ஆம்சி கொடுக்கிறது. வட்டில் கோப்பே இல்லாமல் நினைவகத்தில் மட்டும் வாழும் ஸ்கிரிப்டுகளைப் பிடிக்க இது பெரிதும் உதவியது. ஆனால் இந்த டிஎல்எல் தாக்குபவரின் ஸ்கிரிப்ட் இயங்கும் அதே செயல்முறைக்குள் இருப்பதால், நினைவகத்தில் அதன் செயற்கூற்றைத் திருத்தி ஊமையாக்கும் முயற்சிகளும் உடனே தொடங்கிவிட்டன.

ஆன்டிவைரஸின் கோப்புறையில் எக்கச்சக்கமான டிஎல்எல் கோப்புகள் இருக்கின்றன. இடத்தை மிச்சப்படுத்தச் சிலவற்றை நீக்கலாமா?

கூடாது. பெரும்பாலும் நீக்கவும் முடியாது. விண்டோஸ் 8.1 முதல் ஆன்டிவைரஸ் சேவைகள் பாதுகாக்கப்பட்ட செயல்முறைகளாக இயங்க வழி செய்யப்பட்டிருக்கிறது. நிர்வாகி உரிமை இருந்தாலும் அவற்றை எளிதில் நிறுத்தவோ அவற்றுக்குள் வேறு டிஎல்எல்லைச் செருகவோ முடியாது.

குறிப்பிட்ட டிஎல்எல் காணவில்லை என்று பிழைச் செய்தி வருகிறது. இணையத்தில் அந்த ஒரு கோப்பை மட்டும் பதிவிறக்கிக்கொள்ளலாமா?

தயவுசெய்து வேண்டாம். டிஎல்எல் கோப்புகளைத் தனித்தனியாக வழங்கும் தளங்களிலிருந்து எடுத்த ஒரு கோப்பை, கணினியிலேயே மிக அதிக உரிமைகளோடு இயங்கும் சேவையின் கோப்புறையில் நீங்களே கொண்டுபோய் வைப்பதற்கு ஒப்பானது அது. அக்கோப்பு நேர்மையானதாகவே இருந்தாலும், எஞ்சினின் மற்றப் பாகங்களோடு பதிப்பு பொருந்தாமல் போகும்.

காணாமல் போன கோப்பு ஆன்டிவைரஸுக்குச் சொந்தமானால், அந்த மென்பொருளை முழுவதுமாக நீக்கிவிட்டு, தயாரித்த நிறுவனத்தின் தளத்திலிருந்து மறுபடி நிறுவுங்கள். வழக்கமான நீக்கல் பாதியில் நின்றால், பெரும்பாலான நிறுவனங்கள் இதற்கென்றே தனி நீக்கக் கருவியை வைத்திருக்கின்றன. கோப்பு விண்டோஸுக்குச் சொந்தமானால், இயங்குதளத்துடன் வரும் கோப்புச் சரிபார்ப்புக் கட்டளையே அதை மீட்டெடுக்கும். லினக்ஸில் பகிர்வு நூலகத்தைத் திறக்க முடியவில்லை என்ற செய்தி வந்தால், பெரும்பாலும் நூலகத்தின் முதன்மைப் பதிப்பு எண் மாறியிருக்கும். அதை இணைத்துக்கொண்ட நிரல் பழைய எண்ணையே தேடிக்கொண்டிருக்கும். புதிய கோப்புக்குப் பழைய பெயரில் ஓர் இணைப்பை உருவாக்கிச் சமாளிப்பவர்கள் உண்டு. அப்படிச் செய்தால் நிரல் தொடங்கும். ஆனால் எப்போது எங்கே தவறான விடை தரும் என்று சொல்ல முடியாது. நிரலைப் புதிய நூலகத்தோடு மறுபடி தொகுப்பதே சரியான வழி.

பாதுகாக்க வந்த நூலகமே தாக்குதலுக்கு வழியாகுமா?

ஆகும்; ஆகியும் இருக்கிறது. கணினிக்குள் வரும் ஒவ்வோர் அந்நியக் கோப்பையும், பயனர் திறப்பதற்கு முன்பே, தானாகவே, மிக உயர்ந்த உரிமையோடு பிரித்துப் பார்க்கும் நிரல் ஒன்று இருக்கிறது. அதன் நூற்றுக்கணக்கான பிரிப்பான்களில் ஒன்றில் ஒரு பிழை இருந்தாலும் போதும்.

2017 மே மாதத்தில் கூகுளின் புராஜெக்ட் ஜீரோ குழுவைச் சேர்ந்த டேவிஸ் ஓர்மண்டியும் நடாலி சில்வனோவிச்சும் எம்பிஎஞ்ஜின் நூலகத்தில் அப்படி ஒரு பிழையைக் கண்டறிந்தார்கள். சந்தேகத்துக்குரிய ஜாவாஸ்கிரிப்டை ஆராய்வதற்காக அந்த நூலகத்துக்குள் இருந்த மொழிபெயர்ப்பானிலேயே ஓட்டை இருந்தது. தீய கோப்பு ஒன்று மின்னஞ்சலாக வந்து வட்டில் எழுதப்பட்டாலே போதும்; யாரும் எதையும் சொடுக்க வேண்டியதில்லை; எஞ்சின் அதை ஆராயும்போது தாக்குபவரின் நிரல் கணினியின் உச்ச உரிமையோடு இயங்கியிருக்கும். மைக்ரோசாஃப்ட் சில நாட்களுக்குள் திருத்தத்தை வெளியிட்டது, அதுவும் எஞ்சின் புதுப்பிப்பாகவே கணினிகளைச் சென்றடைந்தது. அதே ஆண்டில் ஓர்மண்டி, விண்டோஸின் அந்த டிஎல்எல்லை லினக்ஸில் ஏற்றி இயக்கும் ஒரு கருவியை வெளியிட்டார். ஆராய்ச்சியாளர்கள் தாறுமாறான கோப்புகளை ஆயிரக்கணக்கில் ஊட்டி நூலகத்தைச் சோதிக்க அது வழி செய்தது. 2018 அக்டோபரில் டிஃபெண்டரின் பிரிக்கும் பகுதியை உரிமைகள் குறைந்த, தனிமைப்படுத்தப்பட்ட சூழலான சாண்ட்பாக்ஸுக்குள் ஓட்டும் வசதி அறிவிக்கப்பட்டது.

கிளாம்ஏவியும் விலக்கன்று. 2023 பிப்ரவரியில், ஆப்பிளின் எச்எஃப்எஸ் பிளஸ் வட்டுப் படிமத்தைப் பிரிக்கும் பகுதியில் நினைவக எல்லை மீறல் பிழை ஒன்று திருத்தப்பட்டது. அஞ்சல் சேவையகங்களில் அந்த வடிவத்தில் ஓர் இணைப்பு வருவது அபூர்வம். அபூர்வமாக வரும் வடிவங்களின் பிரிப்பான்களில்தான் பிழைகள் நீண்ட காலம் தூங்கிக்கொண்டிருக்கும் என்பது என் கணிப்பு. இத்தகைய நினைவகப் பிழைகளைத் தடுக்க உதவும் ரஸ்ட் மொழியில் புதிய பகுதிகளை எழுதும் போக்கு கிளாம்ஏவியில் 0.105 பதிப்பு முதல் இடம்பெற்றிருப்பதற்கு இதுவே நியாயம்.

சிறிய ஜிப் கோப்பு ஒன்று ஸ்கேன் செய்யும்போது சேவையகத்தையே முடக்கியது. ஏன்?

அடுக்கடுக்காக விரியும் சுருக்கக் கோப்பாக இருக்கலாம். பெயர்பெற்ற ஒன்று 42 கிலோபைட் அளவே உள்ளது. முழுதாக விரித்தால் சுமார் 4.5 பெட்டாபைட் ஆகும். இதற்காகவே எத்தனை அடுக்குவரை பிரிப்பது, மொத்தம் எத்தனை மெகாபைட்வரை விரிப்பது என்ற எல்லைகள் எஞ்சின்களில் உள்ளன. எல்லையைத் தாண்டிய பகுதி சோதிக்கப்படாமல் நின்றுவிடும் என்பதையும், இயல்புநிலையில் அந்தக் கோப்பு தூய்மையானது என்றே அறிவிக்கப்படக்கூடும் என்பதையும் நினைவில் வையுங்கள். எல்லை மீறிய கோப்புகளுக்கும், கடவுச்சொல் இட்ட சுருக்கக் கோப்புகளுக்கும் எச்சரிக்கை தரும் அமைப்புகள் கிளாம்ஏவியில் உண்டு. அவற்றை நீங்களே இயக்க வேண்டும்.

ஆன்டிவைரஸின் பெயரிலேயே போலி டிஎல்எல் வர முடியுமா?

முடியும். உண்மையான, டிஜிட்டல் கையொப்பமிட்ட ஆன்டிவைரஸ் செயலி ஒன்றைத் தாக்குபவர்கள் தம்மோடு எடுத்துவருவார்கள். அது தொடங்கும்போது தன் கோப்புறையில் எந்தப் பெயருள்ள டிஎல்எல்லைத் தேடும் என்று அறிந்து, அதே பெயரில் தீய டிஎல்எல்லைப் பக்கத்தில் வைத்துவிடுவார்கள். செயலி நேர்மையானது, கையொப்பம் செல்லும். ஏற்றப்படும் நூலகம் மட்டும் திருட்டு. பிளக்எக்ஸ் என்ற தீநிரல் இந்த உத்தியைப் பலமுறை கையாண்டது. நீங்கள் நிறுவாத ஓர் ஆன்டிவைரஸின் செயலி பயனர் கோப்புறையிலோ தற்காலிகக் கோப்புறையிலோ தென்பட்டால், அதன் கையொப்பத்தை மட்டும் பார்த்துவிட்டு நிம்மதியடைய வேண்டாம். உடனிருக்கும் டிஎல்எல்லின் கையொப்பத்தையும் பாருங்கள்.

சிக்னேச்சர்கள் தினமும் புதுப்பிக்கப்படுகின்றன. எஞ்சினையும் புதுப்பிக்க வேண்டுமா?

கட்டாயம். மேலே சொன்ன தகுதி நிலை எண் இங்கேதான் வேலை செய்கிறது. கிளாம்ஏவியின் சிக்னேச்சர்களில் பல, எந்தத் தகுதி நிலையிலுள்ள எஞ்சினுக்கு எழுதப்பட்டவை என்ற வரம்பைத் தமக்குள்ளேயே கொண்டிருக்கின்றன. உங்கள் எஞ்சின் அந்த வரம்புக்கு வெளியே இருந்தால், அந்தச் சிக்னேச்சரை அது பேசாமல் தாண்டிச் சென்றுவிடும். கோப்பு இன்றையது, பதிப்பு எண் இன்றையது, பதிவேட்டிலும் புதுப்பித்தாயிற்று என்றே இருக்கும்; பாதுகாப்பில் மட்டும் ஓட்டை இருக்கும். மிகவும் பழைய எஞ்சின்களுக்குத் தரவுத்தளப் பதிவிறக்கமே மறுக்கப்படுவதும் உண்டு. பார்க்கப்போனால் அந்த மறுப்பு நல்லதே. குறைந்தபட்சம் நிர்வாகிக்கு விஷயம் தெரியவரும்.

டிஃபெண்டரில் சிக்னேச்சர்கள் ஒரே நாளில் பலமுறையும் எஞ்சின் வழக்கமாக மாதம் ஒரு முறையும் தாமாகவே புதுப்பிக்கப்படுகின்றன. இணையத் தொடர்பில்லாத கணினிகளுக்குத் தரவை மட்டும் பென்டிரைவில் எடுத்துச்செல்பவர்கள், அந்தப் பொதியில் எஞ்சினும் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.

தவறான புதுப்பிப்பு கணினியைக் கெடுத்துவிடும் என்று பயந்து அதை நிறுத்திவைக்கலாமா?

பயத்துக்குக் காரணம் இருக்கிறது. 2010 ஏப்ரல் 21 அன்று மெக்காஃபியின் 5958 என்ற எண்ணுள்ள தரவுக் கோப்பு, விண்டோஸ் எக்ஸ்பியின் இன்றியமையாத எஸ்விசிஹோஸ்ட் என்ற நிரலையே வைரஸ் என்று முடிவுகட்டியதால், கணினிகள் மறுபடி மறுபடி மூடித் திறந்துகொண்டிருந்தன. 2024 ஜூலை 19 அன்று பாதுகாப்பு மென்பொருள் நிறுவனமான கிரவுட்ஸ்டிரைக்கின் உள்ளடக்கக் கோப்பு ஒன்று சுமார் 85 லட்சம் விண்டோஸ் கணினிகளை நீலத்திரையில் நிறுத்தியது. இந்த எண் மைக்ரோசாஃப்டின் மதிப்பீடு. புதிய விதி 21ஆவது மதிப்பு ஒன்றைத் தேடியது. நிரல் கொடுத்ததோ 20 மதிப்புகள் மட்டுமே. இல்லாத இடத்தைப் படிக்கப்போன அந்தப் பகுதி கெர்னலுக்குள் இயங்கியதால் இயங்குதளமே சாய்ந்தது. இதே தவறு சாதாரணச் சேவைக்குள் நடந்திருந்தால் அந்தச் சேவை மட்டும் நின்றிருக்கும்.

இருந்தாலும் புதுப்பிப்பை நிறுத்துவது விடையாகாது. பல கணினிகளை நிர்வகிப்பவர்கள் முதலில் சிலவற்றுக்கு அனுப்பி, சில மணிநேரம் பொறுத்து மற்றவற்றுக்கு அனுப்பலாம். ஒற்றைக் கணினி வைத்திருப்பவர் தானியங்கிப் புதுப்பிப்பை அப்படியே விட்டுவிட்டுக் காப்புநகலை ஒழுங்காக எடுத்தால் போதும்.

இரண்டு ஆன்டிவைரஸ்களை ஒன்றாக வைத்துக்கொள்ளலாமா?

நிகழ்நேரக் காவலில் ஒன்றே இருக்கட்டும். இரண்டும் ஒரே கோப்பைத் திறக்கும் நொடியில் ஒன்றையொன்று காத்திருக்க வைக்கும்.

எஞ்சின் உண்மையில் வேலை செய்கிறதா என்று ஆபத்தின்றிச் சோதிப்பது எப்படி?

ஐகார் சோதனைக் கோப்பு இதற்காகவே உருவானது. 68 எழுத்துகள் கொண்ட அந்த வரி எந்தத் தீங்கும் செய்யாது. எல்லா முக்கிய எஞ்சின்களும் அதைத் தீநிரல் போலவே அறிவிக்க இசைந்திருக்கின்றன. அதை வெறுமனே ஒருமுறை சோதிப்பதோடு நிறுத்தாமல், ஜிப்புக்குள் வைத்தும், அந்த ஜிப்பை இன்னொரு ஜிப்புக்குள் வைத்தும், அதை மின்னஞ்சல் இணைப்பாக அனுப்பியும் பாருங்கள். எந்த அடுக்கில் எச்சரிக்கை வராமல் போகிறதோ அந்த அடுக்கில்தான் உங்கள் உள்ளமைவைத் திருத்த வேண்டும்.

லிப்கிளாம்ஏவியை என் சொந்த மென்பொருளில் இணைத்து விற்கலாமா?

அந்த நூலகம் ஜிபிஎல் இரண்டாம் பதிப்பு உரிமத்தில் வெளியிடப்படுகிறது. அதை நேரடியாக இணைத்து விநியோகித்தால், உங்கள் மென்பொருளின் மூலநிரலையும் அதே உரிமத்தில் தர வேண்டிய கடமை எழும். மூலநிரலைத் தர விரும்பாதவர்கள் கிளாம்டியைத் தனிச் சேவையாக ஓடவிட்டு சாக்கெட் வழியே பேசுவது வழக்கம். ஆர்ஏஆர் கோப்புகளைப் பிரிக்கும் பகுதி மட்டும் அந்த உரிமத்தோடு பொருந்தாத வேறு உரிமத்தில் இருப்பதால், அது தனி நூலகமாகவே வைக்கப்பட்டிருக்கிறது. சில லினக்ஸ் வழங்கல்களில் அதைத் தனியாக நிறுவ வேண்டும். ஜிப் இணைப்புகளில் பிடிபடும் சோதனைக் கோப்பு ஆர்ஏஆரில் மட்டும் பிடிபடவில்லை என்றால், முதலில் அந்த நூலகம் நிறுவப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள்.